தேசாந்தரம்

தேசாந்தரம் (பெயர்ச்சொல்): 1. வேறு நாடு. 2. வானநூலில், நடுக்கோட்டிலிருந்து ஓர் ஊர் கிழக்கு மேற்காக விலகியிருக்கும் அளவு.

தேசம், அந்தரம் என்ற வடசொற்கள் சேர்ந்தது. அந்தரம் என்றால் இடைவெளி, வேறுபாடு. ஊர் ஊராகத் திரிபவரைத் தேசாந்திரி என்பதும் இச்சொல்வழி வந்ததே. ஊரின் கிழக்கு மேற்கு விலகலைக் காட்டும் கண்ணுக்குத் தெரியாத கோடு தேசாந்தர ரேகை. இதைத் தீர்க்கரேகை என்றும் சொல்வர். பழைய வானநூலான சூரிய சித்தாந்தத்தின் நடுக்கோடு இலங்கை, உஜ்ஜயினி வழியே சென்றது. இன்று அது கிரீன்விச் வழியே செல்கிறது.

தேசாந்தர ரேகை இடத்தைக் காலமாக மாற்றித் தருகிறது. ஒரு பாகைக்கு 4 நிமிடம், ஆறு பாகைக்கு ஒரு நாழிகை. ஜொகூர் பாரு ஏறத்தாழ 103.75 பாகை கிழக்கில் இருக்கிறது. மலேசியக் கடிகாரமோ 120 பாகைக் கோட்டைப் பின்பற்றுகிறது. அதனால் அங்கே உச்சிப்பொழுது ஏறக்குறைய பகல் 1.05க்கு வருகிறது.

1981 டிசம்பர் 31 இரவு 11.30 மணிக்குத் தீபகற்ப மலேசியா தன் கடிகாரத்தை நள்ளிரவுக்குத் தள்ளி, சபா, சரவாக்கின் நேரத்தோடு இணைந்தது. சிங்கப்பூரும் உடன் மாற்றிக்கொண்டது. சூரியன் மாறவில்லை, மக்கள் பின்பற்றிய கோடுதான் மாறியது.

ஆகவே, 1946 முதல் 1981 வரை ஜொகூரில் பிறந்தவருக்கு ஜாதகம் கணிப்பவர் கிரீன்விச் நேரத்தோடு அன்றிருந்த ஏழரை மணி வேறுபாட்டையும் பிறந்த ஊரின் தேசாந்தரத்தையும் கட்டாயம் கொள்ள வேண்டும். இன்றைய எட்டு மணி வேறுபாட்டைக் கொண்டால் அரை மணி பிசகி, லக்கினமே மாறக்கூடும்.