சுவரோரம் நிற்காதவர்

1915. மெக்சிகோ நகரத்தை ஒரு படை விட்டுப் போக, இன்னொரு படை வந்து பிடித்துக்கொண்டிருந்த புரட்சிக் காலம். பணக்கார வீட்டு வாசலில் சாம்பல் நிறக் கார் ஒன்று வந்து நிற்கும். ராணுவ உடுப்பில் சிலர் இறங்குவார்கள். கையில் சோதனை வாரண்ட். அதில் அதிகாரியின் கையெழுத்து. கதவைத் திறக்காமல் எப்படி இருப்பது? திறந்த வீட்டில் நகையும் பணமும் மிஞ்சாது.

இந்தக் கொள்ளைகளைத்தான் என்ரிக்கே ரோசாஸ் ‘சாம்பல் நிறக் கார்’ என்று படமாக்கினார். 1919 டிசம்பரில் 12 பாக மௌனத் தொடராக வெளியானது. சம்பவங்கள் நடந்த இடங்களுக்கே போய் எடுத்தார்கள். கும்பலைத் தேடிப் பிடித்த துப்பறிவாளர் ஹுவான் மானுவல் கப்ரேரா, தன் வேடத்தில் தானே நடித்தார்.

நான் பார்த்தது பிற்பாடு சுருக்கப்பட்ட பிரதி. அதன் முடிவு இன்னும் மனசை விட்டுப் போகவில்லை. சுவரை ஒட்டிச் சில ஆட்கள் நிற்கிறார்கள். துப்பாக்கிகள் உயர்கின்றன. சத்தமே இல்லை, உடல்கள் மட்டும் சரிகின்றன. இவர்கள் நடிகர்கள் அல்ல. 1915 டிசம்பரில் கும்பலைச் சேர்ந்த சிலரைச் சுட்டுக் கொன்றபோது ரோசாஸ் நேரில் பிடித்த படச்சுருள் அது. அதையே கதையின் முடிவாக ஒட்டிவிட்டார். உழைத்துப் பிழைப்பதே மேலான வழி என்று எழுத்தில் ஒரு பாடமும் வருகிறது.

அந்தப் பாடத்தில் எனக்குக் குறை இல்லை. ஆனால் வாரண்டில் கையெழுத்துப் போட்டது யார்? உடுப்பு எங்கிருந்து வந்தது? பெரிய இடத்து ஆட்களுக்கும் இதில் பங்குண்டு என்று அன்றைக்கே ஊர் பேசியது. படம் அந்தப் பக்கமே போகவில்லை.

இந்தப் படத்துக்கு முந்தைய வருடம் வந்த ‘சாந்தா’விலும் இதே கணக்குதான். ஃபெதெரிகோ கம்போவாவின் நாவலை லூயிஸ் பெரேதோ படமாக்கினார். சிமாலிஸ்டாக் கிராமத்துப் பெண்ணை ஒரு சிப்பாய் ஏமாற்றிவிட்டுப் போகிறான். வீட்டார் அவளைத் துரத்துகிறார்கள். நகரத்தில் விலைமகளாகி நோயில் மடிகிறாள். ஒழுக்கத்தின் விலையை அவள் உயிரால் கட்டுகிறாள். சிப்பாய்க்கு ஒன்றும் ஆவதில்லை.

நீதி சொல்வதென்றால் எல்லாருக்கும் சொல்ல வேண்டும். அந்தச் சுவர்க் காட்சியை எப்போது பார்த்தாலும், நிற்பவர்களின் முகங்களுக்கு நடுவே, வாரண்டில் கையெழுத்திட்டவரின் முகத்தைத்தான் என் கண் தேடுகிறது.