மலரை ஈந்த மாது

சிங்கப்பூரின் தேசிய மலராகிய வாண்டா மிஸ் ஜோக்கிம் நிழலை வேண்டாதது. முழு வெயிலில் கொழுகொம்பைப் பற்றி ஏறி, உச்சி அக்கொம்பைக் கடந்த பின்னரே நன்கு பூக்கும். தண்டை வெட்டி நட்டால் வேர்விடும். ஆதலின் முதற்செடியின் வழிவந்தவை இன்றும் வாழ்கின்றன.

பர்மாவில் வளரும் ஆர்க்கிட் ஒன்றையும் மலாயா ஆர்க்கிட் ஒன்றையும் கலந்து இதனை உண்டாக்கியவர் ஆக்னஸ் ஜோக்கிம் என்னும் ஆர்மீனிய மாது. தாவரவியல் தோட்டத்தை நடத்திவந்த ரிட்லி 1893ஆம் ஆண்டிலேயே இதைத் தெளிவாக எழுதிவைத்தார். பின்வந்தோர் சிலரோ, தானே முளைத்த செடியை அம்மையார் கண்டெடுத்தார், அவ்வளவே என்றனர். உடனிருந்து எழுதியவர் சொல்லைத் தள்ளியது வியப்பே! 1981இல் தேசிய மலரான பின்னரும் அக்கூற்று ஓயவில்லை. 2016இல்தான் படைத்தவர் அவரே என்று முறையாக ஏற்கப்பட்டது. அம்மையாரோ, மலர்க் கண்காட்சியில் இம்மலருக்கு முதற்பரிசு பெற்ற 1899ஆம் ஆண்டிலேயே மறைந்துவிட்டார்.