கும்மிடிப்பூண்டி வட்டார நில எடுப்பும் இழப்பீட்டு உரிமையும்

கும்மிடிப்பூண்டி, திருவள்ளூர் மாவட்டத்தின் வடகோடியில் ஆந்திர எல்லையை ஒட்டி அமைந்த வட்டம். 1971 இல் சிப்காட் நிறுவனம் தொடங்கப்பட்ட பின்னர் இங்கும் தொழில் வளாகம் உருவானது. அரசு நிலம் எடுத்தபோது மக்களுக்கு என்ன கிடைத்தது என்பதை, நிலத்தின் வளத்தைவிட மூன்று செய்திகளே தீர்மானித்தன: எந்தச் சட்டம், எந்தத் தேதி, வருவாய்ப் பதிவேட்டில் நிலம் என்ன வகை.

1894 ஆம் ஆண்டுச் சட்டம்

ஆங்கிலேயர் காலத்து 1894 ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டம் 2013 இறுதி வரை நடைமுறையில் இருந்தது. இதன்படி, 4(1) பிரிவின் கீழ் அறிவிக்கை வெளியான நாளில் இருந்த சந்தை மதிப்பே விலை. ஆலை வரப்போகிறது என்று தெரிந்தபின் ஏறிய விலை கணக்கில் வராது. கட்டாயமாக எடுப்பதற்கு ஈடாக 15 விழுக்காடு ஆறுதல் தொகை சேர்க்கப்பட்டது. 1984 ஆம் ஆண்டுத் திருத்தம் இதை 30 விழுக்காடாக உயர்த்தியதுடன், சந்தை மதிப்பின்மீது ஆண்டுக்கு 12 விழுக்காடு கூடுதல் தொகையையும் சேர்த்தது.

சந்தை மதிப்பை அறிய அதிகாரிகள் பார்த்தது அக்கம்பக்கத்து விற்பனைப் பத்திரங்களை. முத்திரைத் தீர்வையை மிச்சப்படுத்தப் பத்திரத்தில் விலையைக் குறைத்து எழுதும் வழக்கம் பரவலானது. ஒருவர் குறைத்து எழுதிய பத்திரம், பின்னாளில் ஊர் முழுவதற்கும் இழப்பீட்டைக் குறைக்கும் சான்றாகிவிடும்.

இழப்பீடு போதாது என்று கருதியவர், 18 ஆம் பிரிவின் கீழ் வழக்கை உரிமையியல் நீதிமன்றத்துக்கு அனுப்பக் கோரலாம். ஆனால் பணத்தை வாங்கும்போதே ஆட்சேபத்துடன் பெறுவதாகத் தெரிவித்திருக்க வேண்டும். எதுவும் சொல்லாமல் கையொப்பமிட்டவர் அந்த உரிமையை இழந்தார். எழுத்தறிவு குறைந்த ஊர்களில் இந்த ஒரு வரியின் விலை மிக அதிகம்.

நீதிமன்றத்தில் எழுந்த கேள்வி

அன்றைய சென்னை மாநில அரசு வீட்டுவசதித் திட்டங்களுக்காக 1961 இல் ஒரு திருத்தச் சட்டம் இயற்றியது. அறிவிக்கை நாளின் மதிப்பு, அதற்கு முந்தைய ஐந்தாண்டுச் சராசரி ஆகிய இரண்டில் குறைந்ததையே தருவது, ஆறுதல் தொகையை 5 விழுக்காடாகக் குறைப்பது ஆகியன அதன் சாரம். வஜ்ரவேலு முதலியார் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1964 இல் இச்சட்டம் செல்லாது என்றது. வேறு நோக்கத்துக்கு எடுத்தால் ஒரு விலை, வீட்டுவசதிக்கு எடுத்தால் அதனினும் குறைந்த விலை என்பது சமத்துவத்துக்கு எதிரானது என்பதே காரணம்.

1978 இன் 44 ஆவது அரசியலமைப்புத் திருத்தத்துக்குப் பின் சொத்துரிமை அடிப்படை உரிமையாக இல்லை. 300அ உறுப்பின்படி, சட்டத்தின் வழியன்றி எவருடைய சொத்தையும் பறிக்கக்கூடாது என்ற பாதுகாப்பு மட்டும் தொடர்கிறது.

இரு சட்டங்களின் மோதல்

தொழில் நோக்கத்துக்கான நில எடுப்புக்கென்றே தமிழ்நாடு 1997 ஆம் ஆண்டுச் சட்டம் இயற்றப்பட்டு, 2001 இல் நடைமுறைக்கு வந்தது. 2014 சனவரி 1 அன்று மத்திய அரசின் 2013 ஆம் ஆண்டுச் சட்டம் வந்தபோது நிலைமை மாறியது. ஆறுதல் தொகை 100 விழுக்காடானது. ஊரகப் பகுதிகளில் சந்தை மதிப்பை 1 முதல் 2 வரையிலான எண்ணால் பெருக்கவும் வழிசெய்யப்பட்டது. 10 இலட்சம் மதிப்புள்ள நிலத்துக்குப் பழைய சட்டத்தில் ஆறுதல் தொகை 3 இலட்சம். புதியதில், பெருக்காமலே 10 இலட்சம்.

தனியார் நிறுவனங்களுக்காக எடுத்தால் பாதிக்கப்படும் குடும்பங்களில் 80 விழுக்காட்டினரின் ஒப்புதல் தேவை, சமூகத் தாக்க மதிப்பீடு செய்ய வேண்டும் என்றும் புதிய சட்டம் கூறியது. தமிழ்நாடு அரசோ 105அ என்ற பிரிவைச் சேர்த்து, 1997 ஆம் ஆண்டுச் சட்டம் உள்ளிட்ட தன் மூன்று சட்டங்களுக்கு விலக்களித்தது. இழப்பீட்டுக் கணக்கு மட்டும் மத்திய சட்டத்தின்படி. ஒப்புதலும் தாக்க மதிப்பீடும் இல்லை. சென்னை உயர் நீதிமன்றம் 2019 சூலையில் அம்மூன்று சட்டங்களும் செல்லாதவை என்றது. அதே ஆண்டில் சட்டமன்றம் அவற்றுக்குப் பின்தேதியிட்டு உயிரூட்டியது. உச்ச நீதிமன்றம் 2021 சூன் 29 அன்று அதை ஏற்றது. எனவே சிப்காட் நில எடுப்பில் உடைமையாளர் விலையைக் கேட்கலாம், வேண்டாம் என்று சொல்லும் வலு அவருக்குக் குறைவு.

தேர்வாய் கண்டிகை

கும்மிடிப்பூண்டி வட்டத்தில் உள்ள தேர்வாய் கண்டிகையில் ஏறத்தாழ 1,127 ஏக்கர் மேய்க்கால் புறம்போக்கு நிலம் 2007 இல் சிப்காட்டுக்கென ஒதுக்கப்பட்டது. பெரும்பாலும் தலித் குடும்பங்கள் வாழும் ஊர் அது. மாடு மேய்க்கவும் விறகு பொறுக்கவும் மக்கள் அந்நிலத்தை நம்பியிருந்தனர். பதிவேட்டில் அது அரசு நிலம். பட்டா இல்லாததால் நில எடுப்பும் இல்லை, இழப்பீடும் இல்லை. மிச்செலின் டயர் நிறுவனம் 2009 இல் அரசுடன் ஒப்பந்தம் செய்தது. ஊரார் போராடினர். 2012 சூலையில் ஊர்ச் சங்கமும் பிரெஞ்சு அமைப்புகளும் பொருளாதார ஒத்துழைப்பு, வளர்ச்சி அமைப்பின் நெறிமுறைகளின்படி பிரான்சின் தேசியத் தொடர்பு மையத்தில் முறையிட்டன. நிறுவனம் நெறிமுறைகளை மீறவில்லை என்று 2013 இல் கூறிய மையம், தாக்க மதிப்பீடு செய்யுமாறு பரிந்துரைத்தது.

அதே பகுதியில் கண்ணன்கோட்டை–தேர்வாய் கண்டிகை நீர்த்தேக்கம் 2020 நவம்பரில் திறக்கப்பட்டது. அதற்குப் பட்டா நிலங்களும் எடுக்கப்பட்டதால் அங்கே இழப்பீட்டுக் கணக்கு இருந்தது. குத்தகைதாரர், நிலமற்ற விவசாயத் தொழிலாளர், காட்டையும் நீர்நிலையையும் நம்பி வாழ்வோர் ஆகியோரையும் பாதிக்கப்பட்ட குடும்பங்களாக 2013 ஆம் ஆண்டுச் சட்டம் ஏற்கிறது. அது நடைமுறைக்கு வந்தபோது, தேர்வாயின் மேய்க்கால் நிலம் கைமாறி ஆண்டுகள் ஆகியிருந்தன.