சிறகும் கையும்

திருகோணமலையில் கோணேசர் மலைக்குச் செல்வோர் 'இராவணன் வெட்டு' என்னும் பாறைப் பிளவை எட்டிப் பாராமல் திரும்புவதில்லை. இராவணன் தன் வாளால் வெட்டியது அது என்பது செவிவழிக் கதை. அந்த வாளை எண்ணும் இலக்கிய நெஞ்சம் சடாயுவையும் எண்ணும். சிறகுடைய பறவையரசனைச் சிறகில்லாத இலங்கை வேந்தன் வாள்கொண்டு வீழ்த்திய கதை அல்லவா அது!

சடாயு வீழ்ந்த காட்சிக்குக் கம்பர் ஓர் உவமை தருகிறார். இந்திரனின் வச்சிராயுதத்தாற் சிறகு அறுந்த மலைபோல அவன் வீழ்ந்தானாம். ஆதியில் மலைகளுக்கும் சிறகு இருந்தது. அவை பறந்து எங்கே விழுமோ என்று உயிர்கள் அஞ்சின. ஆகவே இந்திரன் அவற்றின் சிறகுகளை அரிந்தான். மைந்நாகம் மட்டும் காற்றின் உதவியாற் கடலுள் ஒளித்துத் தப்பியது என்பது புராணம். சடாயுவின் தமையன் சம்பாதியோ சூரியனை அணுகிச் சிறகு கருகியவன். கிரேக்கக் கதையில் வரும் இக்காரசும், மெழுகால் ஒட்டிய சிறகு வெயிலில் உருகக் கடலில் வீழ்ந்தான். நாடு வேறு, மொழி வேறாயினும் சிறகுக்கு ஒரு விலை உண்டு என்ற எண்ணம் ஒன்றே.

அந்த விலையை உயிரியல் இன்னொரு விதமாகச் சொல்கிறது. நம் கோயிற் சிற்பங்களிற் கருடனுக்குக் கூப்பிய கைகளும் உண்டு, விரித்த சிறகுகளும் உண்டு. தேவாலயங்களில் உள்ள தேவதூதர்களும் அவ்வாறே. சிற்பி தாராளமாக வழங்கிய இரண்டையும் இயற்கை முள்ளந்தண்டு விலங்கு எதற்கும் சேர்த்து வழங்கியதில்லை. அவ்வினத்திற் சிறகடித்துப் பறக்கும் ஆற்றல் மூன்று கூட்டங்களுக்கே வாய்த்தது. ஒன்று, ஏறத்தாழ 6 கோடி 60 இலட்சம் ஆண்டுகளுக்கு முன் அழிந்த தெரோசோர் என்னும் பறக்கும் ஊர்வன. அதன் நான்காம் விரல் நீண்டு சிறகைத் தாங்கியது. இரண்டாவது பறவை. மூன்றாவது வௌவால், அது விரல்களுக்கிடையே தோலை விரித்துப் பறக்கிறது. மூன்றிலும் முன்னங்காலே சிறகாயிற்று. 1861இல் ஜேர்மனியிற் கிடைத்த ஆர்க்கியோப்டெரிக்ஸ் என்னும் பறவையின் கல்லுருவிற் சிறகோடு நகமுள்ள மூன்று விரல்களும் காணப்பட்டன. கை சிறகாய் மாறிய வழியில் அது ஒரு சாட்சி. பூச்சிகளுக்கு மட்டுமே ஆறு கால்களும் இருக்கச் சிறகு தனியே முளைத்தது.

மனிதனுக்குக் கை எஞ்சியது; சிறகு கிட்டவில்லை. எஞ்சிய கையாலேயே அவன் சிறகு செய்தான். அதன் பயனைத் திருகோணமலை 1942 ஏப்ரல் 9ஆம் திகதி கண்டது. அன்று காலை ஜப்பானியக் கடற்படை விமானங்கள் துறைமுகத்தையும் சீனன்குடா விமானத்தளத்தையும் தாக்கின. முதல்நாள் இரவே துறைமுகத்தை விட்டு வெளியேறியிருந்த 'ஹேர்மிஸ்' என்னும் பிரித்தானிய விமானந்தாங்கிக் கப்பல், திரும்பி வரும் வழியில் மட்டக்களப்புக் கடலில் அவ்விமானங்களிடம் அகப்பட்டது.

ஹேர்மிஸ் என்பவன் சிறகு முளைத்த பாதணி பூண்ட கிரேக்கத் தேவதூதன். அவன் பெயர் தாங்கிய கப்பலில் அன்று அதற்குரிய விமானம் ஒன்றுகூட இருக்கவில்லை. அது மூழ்கியபோது 307 பேர் மாண்டனர். துணைக்குச் சென்ற அவுஸ்திரேலியக் கப்பலும் உடன் மூழ்கியது. அதன் பெயர் 'வம்பயர்'. இரத்தம் குடிக்கும் பேய்க்கும், பின்னர் வௌவால் இனமொன்றுக்கும் வழங்கிய பெயர் அது. சிறகற்ற இரும்பு மலையாக ஹேர்மிஸ் இன்றும் நம் கிழக்குக் கடலின் அடியிற் கிடக்கிறது.

நேயர்களே, நம் முன்னோர் சிறகைக் கண்டு வியந்ததோடு நிற்கவில்லை. அது எதற்காக விரிந்தது என்றும் கேட்டனர். உயிர்களை அஞ்சவைத்த மலைகளின் சிறகு அறுந்தபோது எவரும் அழவில்லை. அபயக்குரல் எழுப்பிய ஒரு பெண்ணுக்காக விரிந்த சடாயுவின் சிறகு அறுந்தபோதோ, இராமன் அவனைத் தந்தையென எண்ணி அழுது ஈமக்கடன் ஆற்றினான். மனிதன் கையாற் செய்த சிறகுகளுக்கும் அதே கேள்வி பொருந்தும்.