கள்ளிப்பெட்டிக்குள் ஒரு நாடகம்

சிறையில் எழுதிய புத்தகங்கள் நம்மிடம் நிறைய உண்டு. சரித்திரம், சுயசரிதை, கீதைக்கு உரை என்று பல வகை. ஆனால் சாவின் வாசலில் உட்கார்ந்துகொண்டு, தன்னையும் தன்னோடு சாகப்போகிறவர்களையும் கேலி செய்து ஒரு பெண்மணி பாட்டும் கூத்துமாக நாடகம் எழுதினார் என்றால், அதற்கு எந்த அலமாரியில் இடம் ஒதுக்குவது? ஹாஸ்யம் என்ற பெயரில் பத்திரிகைகளுக்கு நானும் ஏதோ எழுதுகிறவன்தான். மின்விசிறியும் சூடான காப்பியும் பக்கத்திலிருந்தும் பேனா நகராத நாட்கள் எனக்குண்டு. அதனால்தானோ என்னவோ, ஜெர்மேன் தில்லியோன் என்ற பிரெஞ்சு மாதரசியின் கதை என்னை விடாமல் பிடித்துக்கொண்டது.

1907-ல் பிறந்தவர். மானிடவியல் படித்தவர். அல்ஜீரியாவின் ஔரஸ் மலைகளில் பல வருஷம் மலைவாசிகளோடு தங்கி, அவர்களுடைய குலம், கல்யாணம், பங்காளிச் சண்டை எல்லாவற்றையும் எழுதி வைத்தார். 1940-ல் பாரிஸ் திரும்பியபோது தேசம் ஜெர்மானியர் காலடியில் கிடந்தது. ரகசிய எதிர்ப்பு இயக்கத்தில் சேர்ந்தார். 1942 ஆகஸ்டில் பிடிபட்டார். காட்டிக்கொடுத்தவர் ஒரு பாதிரியார்! 1943 ஜனவரியில், மரண தண்டனைக்குரிய குற்றச்சாட்டுகள் தலைக்குமேல் தொங்க, ஜெர்மன் நீதிமன்றத்துக்குச் சிறையிலிருந்து ஒரு கடிதம் எழுதினார். ஒன்றும் அறியாத அப்பாவியின் பாவனை. மகா மரியாதையான நடை. வரிக்கு வரி கேலி. கேலியில் அவருடைய கை அங்கேயே தேறிவிட்டது என்று சொல்ல வேண்டும்.

அவ்வருஷம் அக்டோபரில் ராவன்ஸ்புரூக் முகாமுக்குக் கொண்டுபோனார்கள். பெர்லினுக்கு வடக்கே, பெண்களுக்கென்றே 1939-ல் நாஜிகள் கட்டிய முகாம் அது. லட்சத்துக்கும் மேற்பட்ட பெண்கள் அதற்குள் போனார்கள். சீமென்ஸ் போன்ற கம்பெனிகளுக்குக் கைதிகளைக் கூலிக்கு விட்டுக் காசு பண்ணினார்கள். எந்த வேலைப் பட்டியலிலும் சேராத கைதிக்கு 'ஃபெர்ஃப்யூக்பார்' என்று பெயர். கடைக்காரன் சரக்கைச் சொல்கிற மாதிரி, 'கைவசம் உள்ளது' என்று அர்த்தம். எந்த நிமிஷமும் எந்தக் கொடிய வேலைக்கும் இழுத்துக்கொண்டு போகலாம். தில்லியோனும் அந்தச் சரக்குகளில் ஒருவர்.

1944 அக்டோபரில், கொள்ளையடித்த பொருள்கள் ரயிலில் வந்து இறங்கும் இடத்தில் அவரை வேலைக்கு விட்டிருந்தார்கள். தோழிகள் அவரை ஒரு பெரிய கள்ளிப்பெட்டிக்குள் ஒளித்து வைத்துவிட்டு, அவருடைய வேலையையும் தாங்களே இழுத்துப் போட்டுக்கொண்டு செய்தார்கள். உள்ளே உட்கார்ந்து அவர் எழுதினார்.

நாடகத்தில் ஓர் இயற்கை விஞ்ஞானி மேடைக்கு வருகிறார். புதிதாகக் கண்டுபிடிக்கப்பட்ட ஒரு பிராணியைப் பற்றிப் பிரசங்கம் செய்கிறார். அந்தப் பிராணிதான் ஃபெர்ஃப்யூக்பார். அப்பன் கெஸ்டபோ, அம்மா எதிர்ப்பு இயக்கத்துக்காரி என்று பூர்வோத்தரம் சொல்லி, அதன் தீனி, நோய், ஆயுள் எல்லாவற்றையும் விஸ்தாரமாக விளக்குகிறார். கோரஸாக நிற்கும் கைதிகள் நடு நடுவே பாடுகிறார்கள். மெட்டுகளெல்லாம் பிரெஞ்சு ஜனங்களுக்குத் தெரிந்த சினிமாப் பாட்டு, சங்கீத நாடகம், விளம்பரப் பாட்டு ஆகியவற்றின் மெட்டுகள். மூன்றாம் அங்கத்தில், பட்டினிக் கைதிகள் ஊர் ஊராகப் பிரான்ஸ் முழுவதும் கற்பனையில் சாப்பிட்டுக்கொண்டே பிரயாணம் போகிறார்கள். பசித்தவர்களின் பேச்சு எப்போதும் சமையலில்தான் போய் நிற்கும்.

வேடிக்கைக்குள்ளே விஷயம் இருக்கிறது. மலைவாசிகளை ஆராய்ந்த அதே கண்ணால் அவர் முகாமையும் பார்த்தார். இதற்கு ஏழு மாதம் முன்னால், 1944 மார்ச்சில், கைதிகளால் எஜமானர்களுக்கு என்ன லாபம் என்று தோழிகளுக்கு ரகசியமாக வகுப்பே எடுத்திருக்கிறார். தன்னைக் கொல்கிற யந்திரம் எப்படி ஓடுகிறது என்று தெரிந்துகொண்டவளுக்குப் பயம் கொஞ்சம் குறைகிறது. நாடகமும் அந்த வகுப்பின் தொடர்ச்சிதான். பாட்டோடு சொன்னார், அவ்வளவே.

ஓர் இடம் மட்டும் என்னால் லேசாகத் தாண்டிப் போக முடியவில்லை. விவரம் தெரியாத ஒருத்தி, தண்ணீர், மின்சாரம், காஸ் எல்லா வசதியும் உள்ள நல்ல முகாமுக்குப் போகப்போவதாக நம்புகிறாள். கோரஸ் அந்தக் கடைசி வசதியை மட்டும் பிடித்துக்கொள்கிறது. அவ்வளவுதான் ஹாஸ்யம். இதை எழுதியபோது அவருடைய தாயார் எமிலியும் அதே முகாமில் கைதி. சில மாதங்களில் ராவன்ஸ்புரூக்கிலேயே விஷவாயு அறை வந்தது. எழுபதை நெருங்கிய அந்தத் தாயாரை 1945 மார்ச் 2-ம் தேதி அதற்குள் அனுப்பினார்கள்.

ஏப்ரலில் ஸ்வீடன் செஞ்சிலுவைச் சங்கத்தார் மகளை மீட்டார்கள். நாடகக் கையெழுத்துப் பிரதியை ஒரு தோழி ஒளித்து வெளியே கொண்டுவந்தாள். அதன் பிறகு நடந்ததுதான் எனக்கு அதிசயம். ராவன்ஸ்புரூக்கைப் பற்றித் தகவலும் கணக்குமாக ஒரு புத்தகம் எழுதி, 1946, 1973, 1988 என்று மூன்று தடவை திருத்தித் திருத்தி வெளியிட்டவர், சிரிப்பு நாடகத்தை மட்டும் அச்சுக்குக் கொடுக்கவில்லை. அங்கே கைதிகள் வேடிக்கையாகப் பொழுது போக்கினார்கள் என்று ஜனங்கள் நினைத்துவிடுவார்களோ என்ற தயக்கம்! அந்தப் பயம் நியாயம்தான் என்பது என் அபிப்பிராயம். பெட்டிக்கு வெளியே நின்று காவல் காத்தவர்களுக்கு அந்தச் சிரிப்பின் விலை தெரியும். டிக்கெட் வாங்கி உட்காருகிறவனுக்கு அது எப்படித் தெரியும்?

அறுபது வருஷம் கழித்து, 2005-ல் நாடகம் புத்தகமாயிற்று. 2007 ஜூனில், அவருக்கு நூறு வயது நிறைந்த சில நாட்களில், பாரிஸின் ஷாத்லே அரங்கில் முதன் முதலாக மேடையேறியது. அடுத்த ஏப்ரலில் அவர் காலமானார். 2015-ல் தேசத்தின் மகான்கள் துயிலும் பாந்தியோன் மண்டபத்தில் அவருக்கும் இடம் கொடுத்தார்கள். குடும்பத்தார் உடலைத் தோண்டி எடுக்கச் சம்மதிக்கவில்லை. ஆகவே சவப்பெட்டியில் கல்லறை மண்ணைத்தான் வைத்து, ராணுவ மரியாதையுடன் சுமந்து போனார்கள். அந்த இயற்கை விஞ்ஞானி இருந்திருந்தால், அதைப் பற்றியும் ஒரு பிரசங்கம் செய்திருப்பார்.