பூகாவின் வெண்காரம்: வெந்நீர் ஊற்றுகள் விட்டுச்சென்ற ஆவணம்

பொற்கொல்லர் பட்டறையில் நகையைப் பற்றவைக்கப் பயன்படும் வெண்காரம், நம் வணிக வரலாற்றில் போதிய கவனம் பெறாத பண்டம். வடமொழியில் அது 'டங்கணம்'. ஐரோப்பியர் வழங்கிய 'டிங்கால்' என்னும் பெயரும் அச்சொல்லோடு தொடர்புடையதாகவே கருதப்படுகிறது. பதினெட்டாம் நூற்றாண்டில் ஐரோப்பா பெற்ற வெண்காரத்தின் பெரும்பகுதி திபெத்திலிருந்து ஆடுகளின் முதுகில் இமயத்தைக் கடந்து, இந்தியச் சந்தைகள் வழியே சென்றதாகும்.

இப்பண்டத்தின் பிறப்பிடங்களுள் ஒன்று, லடாக்கில் ஏறத்தாழ 4,400 மீட்டர் உயரத்திலுள்ள பூகா பள்ளத்தாக்கு. ஆழத்தில் பாறைகளைக் கரைத்துக்கொண்டு மேலெழும் வெந்நீர், தரையை அடைந்ததும் குளிர்கிறது. அப்போது சிலிக்கா படிவாகிறது. வறண்ட காற்றில் நீர் ஆவியாக, வெண்காரம் வெண்படலமாகப் பூக்கிறது. ஊற்றுகளை அடுத்துக் கந்தகமும் கிடைக்கிறது. 1854இல் வெளிவந்த அலெக்சாண்டர் கன்னிங்காமின் 'லடாக்' நூல் பூகாவின் வெண்காரத்தைக் குறிப்பிடுகிறது.

ஆனால் அதற்குள் சந்தை மாறத் தொடங்கியிருந்தது. இத்தாலியின் டஸ்கனியில் பிரான்சுவா தெ லார்தெரெல் நிலத்தடி வெப்பநீரிலிருந்து போரிக் அமிலம் எடுக்கும் தொழிலை நிறுவியிருந்தார். அவர் பெயரால் லார்தெரெல்லோ எனப்பட்ட அவ்வூரிலேயே 1904இல் நிலத்தடி நீராவியால் மின்விளக்குகள் எரிந்தன. ஒரே வகை நிலவெப்ப வளம் அங்குத் தொழிலாகவும் மின்சாரமாகவும் வளர்ந்தது. இங்கு அது நெடுங்காலம் பட்டியலாகவே நின்றது. தாமஸ் ஓல்டாம் தொகுத்த இந்திய வெந்நீர் ஊற்றுகளின் அட்டவணை, அவர் மறைவுக்குப்பின் 1882இல் வெளியாயிற்று. பூகாவில் முறையான நிலவெப்ப ஆய்வு 1970களில்தான் தொடங்கியது. 2021இல் அங்கு 1 மெகாவாட் முன்னோடி மின்திட்டத்திற்கு ஒப்பந்தம் கையெழுத்தானது.

மின்சாரம் வேண்டாமென்பதன்று என் வாதம். நியூசிலாந்தின் வைராக்கேயில் 1958இல் மின்நிலையம் இயங்கத் தொடங்கியபின், அருகிலிருந்த கெய்சர் பள்ளத்தாக்கின் ஊற்றுகள் அடங்கிப்போயின. ஊற்று நின்றால் படிவும் நிற்கும். பிறகு காற்றும் பனியும் கட்டுமானமும் எஞ்சியதை அழிக்கும். படிவின் ஒவ்வோர் அடுக்கும் ஊற்றின் ஒரு காலகட்டத்தைப் பதிந்துவைத்திருக்கிறது. வெண்காரம் சுரண்டப்பட்ட இடங்களோ, எழுத்தில் இடம்பெறாத உழைப்பின் தடயங்கள்.

ஓலைச்சுவடியையும் கல்வெட்டையும் படியெடுக்கும் அக்கறையோடு பூகாவின் தரையையும் நாம் படியெடுக்க வேண்டும். நிலவியலாரும் வரலாற்றாய்வாளரும் சேர்ந்து செய்ய வேண்டிய பணி இது. துளையிடும் பொறிகள் பெருகுமுன் தொடங்குவதே முறை.