சிலையைத் திருப்பிக் கொடுத்த அம்மாள்

ஆஸ்கார் என்றதும் நம்மவர்களுக்கு 2009இல் மேடையேறிய ஏ.ஆர். ரஹ்மான்தான் நினைவுக்கு வருவார். அதற்கு 26 வருடம் முன்னாலேயே, 1983 ஏப்ரலில், ஒரு இந்தியப் பெண்மணி அந்தச் சிலையை வாங்கிவிட்டார். நடிப்புக்கு அல்ல, பாட்டுக்கும் அல்ல, துணிமணிக்கு. 'காந்தி' படத்துக்கு உடை அமைத்த பானு அத்தையா. ஜான் மோலோ என்ற ஆங்கிலேயரும் பரிசில் பங்காளி.

பெயரைப் பார்த்துத் தெலுங்குக்காரர் என்று எண்ண வேண்டாம். 1929இல் கோலாப்பூரில் பிறந்த மராத்திய அம்மாள். தகப்பனார் ஓவியர். மகளும் பம்பாய் ஜே.ஜே. கலைப் பள்ளியில் ஓவியம் படித்தார். பெண்கள் பத்திரிகைக்கு உடைப் படங்கள் வரைந்துகொண்டிருந்தவர், அப்படியே சினிமாவுக்கு வந்தார். குரு தத்தின் 'சி.ஐ.டி.' (1956), 'பியாசா' எல்லாம் அவர் கைவண்ணம். 1966இல் வந்த 'ஆம்ரபாலி'க்காக அஜந்தா ஓவியங்களைப் போய்ப் பார்த்து உடை வரைந்தார். அதை உடுத்தி ஆடியவர் நம் திருவல்லிக்கேணி வைஜயந்திமாலா. ஜெர்மன் எழுத்தாளர் ஹெர்மன் ஹெஸ்ஸேயின் 'சித்தார்த்தா' 1972இல் படமானபோதும் உடை இவர்தான்.

நான் புதுச்சேரியில் பிரெஞ்சு வழியில் படித்தவன். அந்த மொழியில் இந்த வேலை செய்பவருக்கு 'கோஸ்த்யூமியே' என்று மரியாதையான தனிப் பெயர் உண்டு. நம் படங்களிலும் டைட்டிலில் 'உடை' என்று ஒரு பெயர் ஓடும். அப்போது நாம் இருட்டில் நாற்காலி தேடிக்கொண்டிருப்போம்.

'காந்தி' படத்தில் உடைதான் கதையே. 1893இல் தென்னாப்பிரிக்க ரயிலிலிருந்து தள்ளப்படும்போது கோட்டும் சூட்டும். 1915இல் ஊர் திரும்பும்போது கத்தியவார் வேட்டி, தலைப்பாகை. கடைசியில் அரைவேட்டி. அந்த முடிவை அவர் எடுத்தது 1921 செப்டம்பர் 22 அன்று, மதுரை மேலமாசி வீதியில். ஒரே மனிதர், 55 வருட வாழ்க்கை; வசனம் சொல்லாததைத் துணி சொல்ல வேண்டும். கூடவே, அவரைச் சுற்றி நிற்கும் குடியானவர், வக்கீல், நவாப், காங்கிரஸ்காரர் என்று இந்தியாவுக்கே உடுத்திவிட வேண்டும்.

எங்கள் வியாசர்பாடியில் பி அண்ட் சி மில் குடும்பங்கள் அதிகம். துணியை இரண்டு விரலால் தடவியே எத்தனை கவுண்ட் என்று சொல்லும் பெரியவர்கள் இன்னமும் இருக்கிறார்கள். புதுக் கதருக்கும் பத்து வருடம் துவைத்த கதருக்கும் உள்ள வித்தியாசத்தை அவர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. திரையில் அது சரியாக இருந்தால் யாரும் கவனிக்க மாட்டார்கள். தப்பினால்தான் கண்ணை உறுத்தும். இந்தத் தொழிலின் சாபம் அது.

பிறகு 'லேக்கின்', 'லகான்' இரண்டுக்கும் தேசிய விருது வாங்கினார். 100 படங்களுக்கு மேல் செய்தார்.

ஆனால் என்னை உலுக்கியது 2012இல் வந்த செய்தி. உடம்புக்கு முடியாமல் இருந்த அம்மாள், ஆஸ்கார் சிலையை அமெரிக்க அகாதெமிக்கே திருப்பி அனுப்பிவிட்டார். கோபத்தில் அல்ல; பாதுகாப்புக்காக. தமக்குப் பின் அது இங்கே பத்திரமாக இருக்கும் என்ற நம்பிக்கை இல்லை. சாந்திநிகேதனில் இருந்த தாகூரின் நோபல் பதக்கமே 2004இல் திருடு போனதே என்று எடுத்துச் சொன்னார்.

தேசத்தின் மானம் போயிற்று என்று அப்போது சிலர் குறைப்பட்டார்கள். நான் குறைப்பட மாட்டேன். கோப்புகளோடு காலம் தள்ளிய குமாஸ்தா நான். 'நிரந்தரமாகப் பாதுகாக்கவும்' என்று சிவப்பு மையில் எழுதிய கட்டு, ரிக்கார்டு ரூமில் கரையானுக்குச் சாப்பாடானதைப் பார்த்தவன். ஓவியமும் தையலும் தெரிந்த அந்த அம்மாளுக்கு நம் அலுவலகங்களையும் நன்றாகத் தெரிந்திருக்கிறது.

2020 அக்டோபர் 15 அன்று மும்பையில் காலமானார். வயது 91. சிலை அமெரிக்காவில் அகாதெமியின் பொறுப்பில் இருக்கிறது.